ஓட்டுத்தோலிக்குத் தாடை இல்லை

பிப்ரவரி 4

கலைக்களஞ்சிய ஆசிரியர் குழுவினருக்கு,

வணக்கம். உங்கள் தொகுதிகளின் பின்னட்டையில், "வாசகர்கள் தங்கள் சொற்பொருள் ஐயங்களை எழுதிக் கேட்கலாம்" என்று போட்டிருக்கிறீர்கள். ஒரு வாசகி கேட்கிறேன். இந்தக் கடிதம் எந்தத் துணை ஆசிரியரின் மேசைக்குப் போகும் என்று எனக்குத் தெரியும். அவர் இதை மனைவியின் கடிதமாக நினைத்துச் சட்டைப் பையில் செருகிக்கொண்டு வீட்டுக்குப் போய்விடக் கூடாது. அலுவலக நேரத்தில், அலுவலகத் தாளில் பதில் எழுத வேண்டும். போனில் கேட்டிருக்கலாம்தான். ஆனால் நான் ஒரு வாக்கியத்தை முடிப்பதற்குள் அவர் அதைத் திருத்திவிடுகிறார்.

விஷயம் இதுதான். இந்த ஊர் அருங்காட்சியகத்தில் பழங்கடல் கூடம் என்று ஒன்று கட்டுகிறார்கள். அதற்கு மாதிரி உருவங்கள் செய்ய நிரந்தரமாக ஓர் ஆள் வேண்டுமாம். விண்ணப்பம் போட்டவர்களில் நாலைந்து பேரைப் பொறுக்கி, எல்லோருக்கும் ஒரே ஒரு சொல்லைக் கொடுத்திருக்கிறார்கள். "ஆஸ்ட்ரகோடெர்ம் ஒன்று செய்துகொண்டு ஏப்ரல் பத்தாம் தேதி வாருங்கள்." அவ்வளவுதான். படம் கிடையாது, விளக்கம் கிடையாது. சொல்லைத் தேடிப் பிடிப்பதும் தேர்வில் சேர்த்தியாம். அது அழிந்துபோன ஒரு மீன் என்கிற வரைக்கும் கண்டுபிடித்துவிட்டேன். அதற்கு மேல் இந்த ஊர் நூலகம் கையை விரித்துவிட்டது.

எனக்கு இந்த வேலை வேண்டும். பல் டாக்டரின் பட்டறையில் பல்செட் செய்து செய்து அனுப்புகிறேன். அது யார் வாய்க்குள்ளோ போய் மறைந்துவிடுகிறது. நன்றாகச் செய்தால் அது பல்செட் என்றே யாருக்கும் தெரியாது. மோசமாகச் செய்தால்தான் என் பெயர் வெளியே வரும். ஒரு தடவையாவது நான் செய்த பொருளை நாலு பேர் நின்று பார்க்க வேண்டும். இது கிடைக்காவிட்டால், இன்னும் மூன்று வருடம் எங்கும் போக மாட்டேன் என்று டாக்டர் நீட்டும் தாளில் கையெழுத்துப் போட வேண்டியதுதான். ஏப்ரல் வரை தவணை வாங்கியிருக்கிறேன்.

ஆகவே, மேற்படி சொல்லின் பொருளையும் வழக்கையும் தெரிவிக்கவும்.

இப்படிக்கு,
ஒரு வாசகி

பி.கு. அண்ணியின் முழங்கால் வலி எப்படி இருக்கிறது? இது கேள்வியில் சேராது.


பிப்ரவரி 9

மதிப்புக்குரிய வாசகிக்கு,

வணக்கம். தங்கள் கடிதம் அலுவலக நேரத்திலேயே பிரிக்கப்பட்டது. பிரித்தவர் அதை இரண்டு தடவை படித்ததைப் பக்கத்து மேசைக்காரர் பார்த்துவிட்டார். அதுவும் அலுவலகக் குறிப்பில் சேராது.

தாங்கள் கேட்ட சொல் கிரேக்க மொழியிலிருந்து ஆக்கப்பட்டது. ஆஸ்ட்ரகோன் என்றால் ஓடு. நத்தை ஓடும் அதுதான், உடைந்த பானை ஓடும் அதுதான். டெர்மா என்றால் தோல். நாங்கள் அதை ஓட்டுத்தோலி என்று தமிழாக்கியிருக்கிறோம். எங்கள் இரண்டாம் தொகுதியில் உள்ளதை அப்படியே தருகிறேன்: "ஓட்டுத்தோலி: உடலின் முன்பகுதி எலும்புத் தகடுகளால் போர்த்தப்பட்ட தொன்மையான மீன். சுமார் நாற்பது கோடி ஆண்டுகளுக்கு முன் நீர்நிலைகளில் வாழ்ந்து, அழிந்தொழிந்தது." வழக்கு என்று தனியாகச் சொல்ல ஒன்றுமில்லை. செத்துப்போன மீனுக்கு வழக்கு என்ன வழக்கு?

இதோடு அலுவலகத் தாள் முடிந்தது. இனி என் சொந்தத் தாள்.

நீ அந்த ஊருக்குப் போய் ஒன்றரை வருடம் ஆகிறது. கொஞ்ச நாளைக்கு என்று சொல்லிவிட்டுப் போனாய். கொஞ்சம் என்ற சொல்லுக்கு இவ்வளவு நீளம் உண்டு என்று எனக்குத் தெரியாது. சரி, அது உன் இஷ்டம். ஆனால் நிலையான வேலை ஒன்று கையில் இருக்கும்போது, மீன் பொம்மை செய்யப் போகிறேன் என்று அதை விடுவது சரிதானா, யோசித்துப் பார்.

உன் அண்ணி, அதாவது என் அக்காவிடம், டாக்டர் மாடிப்படி ஏறக் கூடாது என்றார். அக்கா டாக்டரை மாற்றிவிட்டார்.

அன்புடன்,
துணை ஆசிரியர்


மார்ச் 1

துணை ஆசிரியர் அவர்களுக்கு,

பொருளுக்கு நன்றி. புத்திமதியைத் திருப்பி அனுப்புகிறேன். அதை நான் கேட்கவில்லை.

மீன் பிறந்துவிட்டது! பட்டறை மூடிய பிறகு என் அறையிலேயே மேசை போட்டுக்கொண்டு செய்கிறேன். கட்டிலில் பிளாஸ்டர் மாவு, சீப்பில் மெழுகு. முழங்கை நீளம். தலைக்கு மேல் குதிரை லாடம் போல ஒரே தகடு. அதற்குப் பின்னால் சின்னச் சின்னச் செதில்கள், ஒவ்வொன்றையும் தனித்தனியாக அச்செடுத்து ஒட்டினேன். தகட்டின் நிறத்துக்காகக் காபி டிகாஷனில் தொடங்கி ஷூ பாலிஷ் வரை எல்லாவற்றையும் பூசிப் பார்த்துவிட்டேன்.

ஆனால் அதெல்லாம் கிடக்கட்டும். நீங்கள் அதன் வாயைப் பார்க்க வேண்டும். ஓட்டுத்தோலி என்றால் ஓடு எல்லோரும் போடுவார்கள். வாயை யார் போடுவார்கள்? பிழைப்பே வாயில் இருக்கிறவள் போடுவாள். மேல்தாடை, கீழ்த்தாடை இரண்டையும் அக்ரிலிக்கில் வார்த்து, கீல் வைத்து, திறந்து மூடுகிற மாதிரி செய்திருக்கிறேன். பற்கள் வரிசையில் ஒன்றுகூட இன்னொன்றைப் போல இல்லை. மூடினால் மேலும் கீழும் கச்சிதமாகக் கடித்துக்கொள்கிறது. நான் செய்த பல்வரிசையிலேயே இதுதான் அழகு. புகைப்படம் வைத்திருக்கிறேன், பாருங்கள்.

நிலையான வேலை என்று எழுதியிருக்கிறீர்கள். அந்த நிலையான வேலையின் பெயரை நீங்கள் ஒரு நாளும் நாலு பேர் முன்னால் சொன்னதில்லை. உங்கள் தலைமை ஆசிரியர் வீட்டு விருந்தில், "இவங்க மருத்துவத் துறையில இருக்காங்க" என்றீர்கள். உடனே அவருடைய மனைவி தன் ரத்த அழுத்தத்தைப் பற்றி என்னிடம் கேட்க ஆரம்பித்துவிட்டார். எல்லாச் சொல்லுக்கும் அர்த்தம் எழுதுகிறவருக்குப் பல்செட் என்ற சொல் மட்டும் வாயில் வரவில்லை. அன்றைக்கு வந்த கோபம் இன்னும் இருக்கிறது. இருக்கிறது என்று சொல்லிவைக்கிறேன்.

இப்படிக்கு,
பல்செட் செய்கிறவள்


மார்ச் 7

கோபக்காரிக்கு,

இதை அவசரத் தபாலில் அனுப்புகிறேன். உட்கார்ந்துகொண்டு படி. கையில் கனமான பொருள் எதுவும் வேண்டாம்.

உன் படத்தை என் மேசையில் சாய்த்து வைத்திருந்தேன். விலங்கியல் பகுதியைப் பார்க்கிற அம்மையார் அந்தப் பக்கமாகப் போனவர் நின்றுவிட்டார். "அடடா, யார் செஞ்சது?" என்றார். "என் மனைவி. பல்செட் செய்யறாங்க" என்றேன். "அதான் பல்லெல்லாம் உயிரோட இருக்கு. என்ன மீன் இது?" என்றார். சொன்னேன். அவர் படத்தைக் கீழே வைத்துவிட்டு என்னைப் பார்த்த பார்வை எனக்குப் பிடிக்கவில்லை. "ஓட்டுத்தோலிக்கு ஏதுங்க தாடை?"

நாங்கள் எந்தச் சொல்லையும் எழுதுவதற்கு முன்னால், அது எங்கெங்கே எப்படி ஆளப்பட்டிருக்கிறது என்று சீட்டுகளில் குறித்து அடுக்கி வைப்போம். அந்தச் சொல்லுக்கான சீட்டுகளை எடுத்து உட்கார்ந்தேன். அம்மையார் சொன்னது சரி. ஓடு போர்த்திய மீனையெல்லாம் இந்தச் சொல்லால் அழைப்பதில்லை. ஓடும் இருக்க வேண்டும், தாடையும் இருக்கக் கூடாது. ஓடும் தாடையும் சேர்ந்தே இருந்த மீன்களும் அந்தக் காலத்தில் உண்டு. அவற்றுக்கு வேறு பெயர். முதன்முதலில் இந்தச் சொல்லைப் பயன்படுத்தியவர்கள் தாடையுள்ளவை சிலவற்றையும் இதற்குள் சேர்த்திருந்தார்கள். பிறகு வந்தவர்கள் அவற்றை வெளியே எடுத்துவிட்டார்கள். எங்கள் இரண்டாம் தொகுதி அந்தப் பழைய காலத்து நூல் ஒன்றைப் பார்த்து எழுதப்பட்டது.

நீ பொருளையும் வழக்கையும் கேட்டாய். நான் பொருளை மட்டும் கொடுத்துவிட்டு நக்கலடித்தேன்.

அந்தத் தாடையை எடுத்துவிடு. இன்னும் ஒரு மாதம் இருக்கிறது.

உன்,
துணை ஆசிரியர்


மார்ச் 11

துணை ஆசிரியருக்கு,

எடுக்க மாட்டேன்.

ஓடு, தோல் என்று எழுதி அனுப்பியது யார்? என் மீனுக்கு ஓடு இருக்கிறதா? இருக்கிறது. தோல் இருக்கிறதா? இருக்கிறது. அந்தச் சொல்லுக்குள் தாடை கூடாது என்று எங்கே எழுதியிருக்கிறது? நீங்களே பிரித்துக் காட்டினீர்களே, அதில் எந்தப் பாதியில் இருக்கிறது?

பல்லை மெழுகில் செதுக்கும்போது கண்ணில் பூதக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். கழுத்து பிடித்துக்கொள்ளும். விடுமுறை நாளெல்லாம் அதற்கே போயிற்று. நீங்கள் மின்விசிறிக்குக் கீழே உட்கார்ந்து நாலு சீட்டைப் புரட்டிவிட்டு "எடுத்துவிடு" என்கிறீர்கள். அச்சுக்குப் போகும் தாளில் சிவப்பு மையால் ஒரு கோடு இழுப்பது மாதிரி. இதுதான் எனக்கு உங்களோடு சலித்துப்போனது. நான் ஒன்றைச் செய்து கொண்டுவந்து வைத்தால், நீங்கள் முதலில் பார்ப்பது அதில் உள்ள தப்பை.

மீன் இப்படியே போகும். அவர்கள் வேண்டாம் என்றால் டாக்டரிடம் கையெழுத்துப் போட்டுவிட்டுப் பழையபடி கடைவாய்ப்பல் வார்த்துக்கொண்டு கிடக்கிறேன். இதற்குப் பதில் எழுத வேண்டாம்.

நான்


மார்ச் 16

கோபக்காரிக்கு,

பதில் எழுத வேண்டாம் என்றாய். இது பதில் இல்லை. நீ பிப்ரவரியில் கேட்ட கேள்வியின் இரண்டாம் பாதிக்கு, நான் தர வேண்டியிருந்த விடை.

எந்தப் பாதியில் இருக்கிறது என்று கேட்டாயே, அது நல்ல கேள்வி. எந்தப் பாதியிலும் இல்லை. ஒரு சொல்லுக்கு அதன் பொருள் பிறந்த வீடு. வழக்கு புகுந்த வீடு. பிறந்த வீட்டில் அதை ஓட்டுத்தோல் என்று கூப்பிட்டார்கள். புகுந்த வீட்டில் ஆண்டாண்டு காலமாக, "தாடை வருவதற்கு முன்னால் ஓடு போர்த்தித் திரிந்த மீன்" என்பதற்கு மட்டும் அதைப் புழங்கிவிட்டார்கள். இப்போது அதன் முகவரி அதுதான். (புகுந்த வீட்டைப் பற்றி நீங்களா பேசுகிறீர்கள் என்று கேட்பாய். கேள்.)

இன்னும் ஒன்று. இந்த மீன்கள் எல்லாம் ஒரே வம்சமும் இல்லையாம். சிலவற்றுக்கு, தங்களைப் போலவே ஓடு போட்டுக்கொண்டு பக்கத்தில் நீந்தியவற்றைவிட, பின்னால் தாடையோடு வந்த மீன்கள்தான் நெருங்கிய சொந்தம். அதனால் வகைப்பாட்டு முறையில் இந்தச் சொல்லை இன்று ஒரு வகையின் பெயராக ஏற்பதில்லை. ஆனாலும் விட முடியாமல் புழங்குகிறார்கள். எல்லாவற்றையும் சேர்த்துச் சொல்ல வசதியாக வேறு சொல் இல்லை.

விலங்கியல் அம்மையாரிடம் சொல்லி, தலைத்தகட்டின் அடிப்பக்கப் படம் ஒன்றைப் பிரதி எடுத்து இத்துடன் வைத்திருக்கிறேன். வாய் அடியில் இருக்கிறது, பார். எங்கள் பதிவை மாற்றி எழுத வேண்டும் என்று தலைமை ஆசிரியரிடம் குறிப்புக் கொடுத்தேன். "முப்பது வருஷமா யாரும் கேக்கல, இப்ப என்ன அவசரம்?" என்கிறார். அவசரம் எனக்குத்தான் தெரியும். விடப் போவதில்லை.

உன் பல்வரிசையின் படத்தை நான் மேசையிலிருந்து எடுக்கவில்லை. அது எந்த மீனுக்கும் உரியதில்லை என்றாலும் அழகுதான். இதை அன்றைக்கே முதல் வரியில் எழுதியிருக்க வேண்டும்.

முடிவு உன்னுடையது. எந்த மீனைக் கொண்டுபோனாலும் நான் ஒரு எழுத்துக்கூடத் திருத்த மாட்டேன்.

உன்,
அகராதி பிடித்தவன்


ஏப்ரல் 3

அகராதிக்கு,

புகுந்த வீட்டைப் பற்றி நீங்களா பேசுகிறீர்கள்? கேட்டுவிட்டேன். இனி விஷயத்துக்கு வருகிறேன்.

எடுத்துவிட்டேன். நீங்கள் சொன்னதற்காக இல்லை. உங்கள் கடிதத்தை மடித்து வைத்துவிட்டு, தாடை உள்ள மீனை இரண்டு நாள் சும்மா பார்த்துக்கொண்டே இருந்தேன். பார்க்கப் பார்க்க, அது ஒரு மீனாகவே இல்லை. நல்ல பல்செட் ஒன்று ஓட்டுக்குள் உட்கார்ந்து சிரிப்பது போல இருந்தது. டாக்டரிடம் வருகிற ஆளுக்குச் செய்கிற வேலையையே மீனுக்கும் செய்து வைத்திருக்கிறேன். ரம்பத்தை எடுத்தேன். கீல் வரை அறுத்து, கீழ்த்தாடை கையோடு வந்தபோது கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. பிளாஸ்டர் தூள் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

அதற்குப் பிறகுதான் பெரிய பாடு. தாடை இல்லாத வாயை எப்படிச் செய்வது? ஓட்டை போட்டால் ஓட்டை மாதிரிதான் இருந்தது, வாய் மாதிரி இல்லை. பட்டறைக்கு, ஓய்வு பெற்ற பஸ் கண்டக்டர் ஒருவர் புதுப் பல்செட்டுக்கு அளவு கொடுக்க வருகிறார். வாயில் ஒரு பல் கிடையாது. அவர் தேநீர் குடிப்பதையே பார்த்துக்கொண்டு நின்றேன்.

"என்னம்மா, என்னையே பாத்துட்டிருக்க?"

"உங்க வாய் கொஞ்சம் வேணும் சார்."

"எடுத்துக்கம்மா. இனிமே அதுல எனக்கென்ன வேலை?"

இத்தனை வருடத்தில் பல் இல்லாத வாயை நான் காலியிடம் என்றே பார்த்திருக்கிறேன். என்னத்தையாவது கொண்டு நிரப்ப வேண்டிய இடம். அன்றைக்குத்தான் அது தன் வேலையைத் தானே பார்த்துக்கொள்வதைக் கவனித்தேன். சுற்றியுள்ள தோல் சேர்ந்து, குவிந்து, நெகிழ்ந்து எல்லாவற்றையும் செய்கிறது. வீட்டுக்கு வந்து, நீங்கள் அனுப்பிய படத்தை வைத்துக்கொண்டு, தகட்டின் அடியில் சின்னதாக ஒரு பிளவு வைத்து, அதைச் சுற்றி நகக்கண் அளவில் மெல்லிய தகடுகளை ஒன்றன்மேல் ஒன்றாகச் சரித்து அடுக்கினேன். இப்போது அது சேற்றில் முகத்தை வைத்து உறிஞ்சப் போகிறது. எந்த நிமிஷமும் உறிஞ்சும்.

பத்தாம் தேதி காலை பத்து மணிக்கு வரச் சொல்லியிருக்கிறார்கள். பயமாக இருக்கிறது.

நான்


ஏப்ரல் 6

கோபக்காரிக்கு,

அக்கா பக்கத்தில் நின்றுகொண்டு, "புத்திமதி எதுவும் எழுதாதடா, எழுதினா கையை ஒடிச்சிடுவேன்" என்கிறார். ஆகவே எழுதவில்லை.

பத்தாம் தேதி நான் விடுப்பு எடுத்திருக்கிறேன். இங்கே இருந்துகொண்டு விடுப்பு எடுத்து என்ன செய்வாய் என்று தலைமை ஆசிரியர் கேட்டார். பதைபதைப்பேன் என்றேன்.

போய் ஜெயித்து வா.

அகராதி


ஏப்ரல் 12

அகராதிக்கு, அண்ணிக்கும்,

ஜெயித்துவிட்டேன்! ஜெயித்துவிட்டேன்! ஜெயித்துவிட்டேன்!

இப்போது வரிசையாகச் சொல்கிறேன். நீளமான ஒரு மேசை. எல்லோருடைய மீனும் துணி மூடி இருந்தது. என்னைத் தவிர எல்லோரும் சிற்பக் கல்லூரியில் படித்தவர்கள். ஒருவர் தொப்பி வைத்திருந்தார். துணியை எடுத்தார்கள். தொப்பிக்காரரின் மீனுக்கு முதலையின் தாடை. அடுத்தவருடையது ஆமை போல அம்சமாக இருந்தது, அதிலும் தாடை. இன்னொன்று வாயைப் பிளந்துகொண்டு, பல்லைக் காட்டிக்கொண்டு, ஆளையே விழுங்குவது போல இருந்தது. கடைசியில் என்னுடையது. பல்லும் இல்லாமல், சொல்லும் இல்லாமல், சாதுவாகப் படுத்திருந்தது. நான்தான் தப்பாகச் செய்துவிட்டேனோ என்று ஒரு கணம் உங்களைச் சபித்தேன்.

தேர்வாளர்கள் மூன்று பேர். அருங்காட்சியகக் காப்பாட்சியர் அம்மாள், ஒரு பேராசிரியர், வாயே திறக்காத ஓர் அதிகாரி. காப்பாட்சியர் ஒவ்வொரு மீனாகப் பார்த்துக்கொண்டே வந்தார். என் மீனைக் கையில் எடுத்தார். திருப்பினார்! மற்றவர்கள் யாரும் அடிப்பக்கத்தைச் செய்யவே இல்லை, வெறும் பலகைதான். அவர் என் மீனின் வாயை விரலால் மெதுவாகத் தொட்டுப் பார்த்தார்.

"பல் எங்க?"

"கிடையாதுங்க. தாடையே கிடையாது."

"யார் சொன்னா?"

"அந்தச் சொல்லுக்கு ஓட்டுத்தோல்னுதான் அர்த்தம். ஆனா தாடை இல்லாத மீனுக்கு மட்டும்தான் அதைச் சொல்லுவாங்க. நான் முதல்ல தாடை வெச்சுத்தான் செஞ்சேன். அப்புறம் அறுத்துட்டேன்."

பேராசிரியர் அப்போதுதான் நிமிர்ந்தார். "இந்தச் சொல்லையே நாங்க இப்ப ஒத்துக்கறதில்ல, தெரியுமா? இதெல்லாம் ஒரே வம்சம் இல்ல."

உங்கள் கடிதம் முழுக்க எனக்குள் அப்படியே இருந்தது. ஆனால் வாயில் வந்தது என் சொல்தான். "தெரியும் சார். சொந்தம் இல்லாததுதான். ஆனா ஒரே கடல்ல, ஒரே மாதிரி ஓட்டைப் போட்டுக்கிட்டு, ஒரே மாதிரி சேத்துல பொழச்சிருக்கு. எல்லாத்தையும் சேத்துக் கூப்பிட வேற பேர் இருந்தா சொல்லுங்க, அதையே வெச்சுக்கலாம்."

அவர் சிரித்தார். நல்ல மனிதர், வாய்விட்டுச் சிரித்தார். "வகுப்புல நானும் அப்படித்தாம்மா கூப்பிடறேன்" என்றார். அந்த அதிகாரியும் சிரித்துவிட்டார்.

வெளியே உட்காரச் சொன்னார்கள். பிறகு காப்பாட்சியர் தானே வந்து, "பதினெட்டாம் தேதி வேலையில சேர முடியுமா?" என்று கேட்டார். முடியும் என்று சொன்னேனா, தலையை மட்டும் ஆட்டினேனா, தெரியவில்லை. தொப்பிக்காரர் வந்து கைகொடுத்து, "அடிப்பக்கம் எனக்குத் தோணவே இல்லைங்க" என்றார். பஸ் நிறுத்தத்தில் தனியாக உட்கார்ந்து சத்தமாகச் சிரித்துக்கொண்டிருந்தேன். ஒரு அம்மாள் தன் பையை எடுத்துக்கொண்டு தள்ளிப்போய் உட்கார்ந்தார்.

டாக்டரிடம் சொல்லிவிட்டேன். கையெழுத்து கிடையாது!

உங்கள்,
கோபக்காரி


ஏப்ரல் 17

ஜெயித்தவளுக்கு,

உன் கடிதத்தை அலுவலகத்தில் உரக்கப் படித்தேன். அடிப்பக்கத்தைத் திருப்பிய இடத்தில் விலங்கியல் அம்மையார் மேசையைத் தட்டினார். அக்கா வீட்டில் இன்னொரு முறை படிக்கச் சொல்லி, ஒவ்வொரு வரிக்கும், "பாத்தியா? பாத்தியா?" என்றார். நான் என்னவோ எதிர்க்கட்சி மாதிரி. அவருடைய புது டாக்டரும் மாடிப்படி ஏறக் கூடாது என்றிருக்கிறார். அதைக் கேட்டுவிட்டு மாடி ஏறிவந்துதான் கடிதத்தைக் கேட்டார். எனக்கு எவ்வளவு பெருமையாக இருக்கிறது என்று எழுதச் சொல் தேடினேன். இந்தக் கட்டடத்தில் உள்ள எந்தத் தொகுதியிலும் இல்லை. பெருமையாக இருக்கிறது. அவ்வளவுதான்.

தலைமை ஆசிரியரும் இறங்கிவந்துவிட்டார். அருங்காட்சியகமே ஏற்றுக்கொண்ட பிறகு அவரால் என்ன செய்ய முடியும்? புதிய பதிப்புக்கு நான் எழுதியிருப்பதைப் பார்:

"ஓட்டுத்தோலி: எலும்புத் தகடுகள் போர்த்திய, தாடையற்ற, அழிந்துபோன தொன்மையான மீன்கள். சேற்றைத் தின்று வாழ்ந்தவை. வழக்கு: சொல்லின் நேர்ப்பொருள் ஓடு போன்ற தோல் உடையது என்பதே எனினும், தாடையுள்ள கவச மீன்களை இச்சொல்லால் குறிப்பதில்லை. இவை ஒரே மரபில் வந்தவை அல்ல என்பதால் இன்று வகைப்பாட்டுப் பெயராக இது ஏற்கப்படுவதில்லை. ஆயினும் இவற்றை ஒருங்கே சுட்டப் பரவலாக வழங்கிவருகிறது."

பக்கத்தில் உன் மீனின் படம் வரும். காப்பாட்சியரிடம் அனுமதி கேட்டு எழுதியாகிவிட்டது.

இனி நான் கேட்க ஒரு கேள்விதான் இருக்கிறது. வாசகர் கேள்வி இல்லை. நீ எப்போது வீட்டுக்கு வருகிறாய்?

உன்,
அகராதி


ஏப்ரல் 22

அன்புள்ள அகராதிக்கு,

முதலில் ஒரு திருத்தம். சேற்றைத் தின்று வாழ்ந்தவை என்று எழுதியிருக்கிறீர்கள். தப்பு. சேற்றிலிருந்து சலித்து எடுத்துத் தின்றிருக்கலாம் என்பதுதான் பேராசிரியர் சொல்வது. "இருக்கலாம்" என்பதை விடாமல் போடுங்கள், நேரில் பார்த்தவர் யாரும் இல்லை. அந்த வாயைச் செய்தவள் என்ற முறையில் நானும் அவர் கட்சி. சிவப்பு மை என்னிடம் இல்லை, அதனால் நீல மையிலேயே அடித்திருக்கிறேன். மற்றபடி நன்றாக எழுதியிருக்கிறீர்கள். இதை முதல் வரியில் எழுதியிருக்க வேண்டுமோ?

பதினெட்டாம் தேதி சேர்ந்துவிட்டேன். பெரிய பட்டறை, வடக்குப் பக்கம் முழுக்க ஜன்னல். மேசை என் இடுப்பு உயரத்துக்கு இருக்கிறது, குனிய வேண்டாம். அடுத்து, அதே பழங்கடலில் வாழ்ந்து அழிந்த கடல்தேள் ஒன்று செய்யச் சொல்லியிருக்கிறார்கள், ஆள் உயரத்துக்கு. மீன் ஏற்கனவே கண்ணாடிப் பெட்டிக்குள் போய்விட்டது. சுத்தம் செய்ய வருகிறவர்கள் விளக்குமாற்றை நிறுத்திவிட்டுக் குனிந்து அடிப்பக்கத்தைப் பார்க்கிறார்கள். தரையில் முகம் பார்க்கும் கண்ணாடி வைத்திருக்கிறோம், வாய் அதில் தெரியும். நான் தூணுக்குப் பின்னால் நின்று, பார்க்கிறவர்களைப் பார்த்துக்கொண்டிருப்பேன். அலுக்கவே இல்லை.

இனி உங்கள் கேள்வி. நான் அங்கே திரும்பி வர மாட்டேன். இது கோபத்தில் எழுதுவது இல்லை. கோபமாக இருந்தால் உங்களுக்கே தெரியும், எழுத்து பெரிதாகிவிடும். இந்த வேலையை நான் விட மாட்டேன், இந்த வேலை இந்த ஊரில் இருக்கிறது. அவ்வளவுதான் காரணம். நம் கடிதங்கள் வந்துபோகிற தபாலில் கலைக்களஞ்சியத்தின் தாள்கள் மட்டும் இந்த ஊருக்கு வந்துபோகாதா என்ன? அதை நீங்கள் யோசியுங்கள். நான் புத்திமதி சொல்ல மாட்டேன்.

அடுத்த மாதம் முதல் ஞாயிறு கூடத்தின் திறப்பு விழா. எனக்கு முன்வரிசையில் இரண்டு நாற்காலி கொடுத்திருக்கிறார்கள். நேற்று அலுவலக எழுத்தர் அட்டையும் பேனாவுமாக வந்து, "யார் வர்றாங்கம்மா? விருந்தினர்னு எழுதவா?" என்று கேட்டார். உங்களை என்னவென்று சொல்வது என்று ஒன்றரை வருடமாக யார் கேட்டாலும் பேச்சை மாற்றியிருக்கிறேன். இந்தத் தடவை மாற்றவில்லை. "குடும்பம்னு எழுதுங்க. ஒருத்தருக்கு முழங்கால் வலி, நாற்காலியை ஓரமாப் போடுங்க" என்றேன். பெரிய எழுத்தில், அழியாத மையில் எழுதிவிட்டார்.

அண்ணியைப் பத்திரமாக அழைத்து வாருங்கள். பெட்டியில் எத்தனை நாளுக்குச் சட்டை வைப்பது என்பது உங்கள் பாடு.

உங்கள் மனைவி,
மாதிரி வடிவமைப்பாளர், பழங்கடல் கூடம்